கனவை வழிபடும் ஒரு மதத்தை நம்பும்படி உருவாக்குவது எப்படி?

கேட்டவர் ஒரு மிகுபுனைவு நாவல் எழுதிக்கொண்டிருக்கிறார். அதில் ஒரு நாடே கனவை வழிபடுகிறது. உறக்கத்துக்கு ஒரு தேவி, வெள்ளுடைப் பூசாரிகள், ‘விழிப்பே மாயை’ என்று தொடங்கும் மறைநூல், பௌர்ணமி இரவில் ஊரே கூடித் தூங்கும் விழா என்று நிறைய யோசித்து வைத்திருக்கிறார். “ஆனாலும் நாடக மேடைத் திரைச்சீலை மாதிரி இருக்கிறது, உயிர் இல்லை. எதைச் சேர்க்கலாம்? கதையில் கனவுகள் பலிக்க வேண்டுமா, வேண்டாமா?” என்பது அவர் கேள்வி.

இப்போதைக்கு எதையும் சேர்க்க வேண்டாம். நீங்கள் யோசித்து வைத்திருப்பவை எந்தக் கற்பனை மதத்துக்கும் பொருந்தும். நெருப்பைக் கும்பிடுகிறவர்களுக்கும் வெள்ளுடை போடலாம், கடலைக் கும்பிடுகிறவர்களுக்கும் பௌர்ணமி விழா வைக்கலாம். கனவைக் கும்பிடுவதால் மட்டுமே வருகிற சிக்கல் ஒன்று இருக்கிறது, அதை நீங்கள் இன்னும் தொடவில்லை. சூரியன் எல்லோர் கண்ணுக்கும் தெரியும். ஆற்றில் வெள்ளம் வந்ததா இல்லையா என்று யாரும் சண்டை போடமாட்டார்கள். கனவைக் கண்டவர் ஒரே ஒருவர். சாட்சி கிடையாது. கண்டவருக்கே எழுந்து பல் துலக்குவதற்குள் பாதி மறந்துபோகும். மற்றவர்களுக்குக் கிடைப்பது அவருடைய வாய்ச்சொல் மட்டும். உங்கள் மதத்தின் புனிதப்பொருள் தினமும் காலையில் ஏதோ ஒரு மனிதரின் வாய் வழியாகத்தான் உலகத்துக்குள் வந்தாக வேண்டும். பூசாரி, சட்டம், காணிக்கை, பொய், மதத்துரோகம், அரசியல் எல்லாம் இந்த ஒரே இடத்திலிருந்து முளைக்கும். நிஜ வரலாற்றில் கனவுக்கு மரியாதை கொடுத்த சமூகங்கள் எல்லாமே இதோடுதான் மல்லுக்கட்டியிருக்கின்றன. அவை கண்டுபிடித்த வழிகளை எடுத்து உங்கள் உலகத்துக்கு ஏற்றபடி வளைத்துக்கொள்ளலாம்.

முதலில் யார் சொன்னால் நம்புவார்கள் என்று பாருங்கள். பழைய கிரேக்கப் போர்க்கதையான இலியத் காப்பியத்தின் 2-ஆம் காண்டத்தில் தேவர்களின் தலைவன் சீயஸ், அகமெம்னான் மன்னனுக்கு வேண்டுமென்றே ஒரு பொய்க் கனவை அனுப்புகிறான். ‘இப்போது படையெடு, திராய் நகரம் விழும்’ என்கிறது கனவு. மறுநாள் மன்னன் மூத்தோர் அவையில் அதைச் சொல்கிறான். கிழவர் நெஸ்டர் எழுந்து சொல்லும் பதிலின் சாரம் இது: வேறு யாராவது இந்தக் கனவைச் சொல்லியிருந்தால் பொய் என்று ஒதுக்கியிருப்போம், கண்டவர் நம் எல்லோரிலும் பெரியவர், ஆகவே படையைத் திரட்டுவோம். வேடிக்கை என்னவென்றால், அந்தப் பொய்க் கனவு வந்ததே நெஸ்டரின் உருவத்தில்தான். கனவின் எடை அதைச் சொல்பவரின் எடைதான் என்று அந்தக் காட்சி அப்பட்டமாகக் காட்டிவிடுகிறது. கடவுளே பொய் சொல்லலாம் என்பதையும் சேர்த்துத்தான்.

அரசர்களுக்கு இது நன்றாகத் தெரிந்திருந்தது. எகிப்தில் நான்காம் துட்மோஸ், சுமார் கி.மு. 1400-இல், கீசாவின் ஸ்ஃபிங்ஸ் சிலையின் முன்னங்கால்களுக்கு நடுவே ஒரு கல்வெட்டு நட்டார். இளவரசனாக இருந்தபோது ஒரு நண்பகலில் அந்தச் சிலையின் நிழலில் தான் தூங்கியதாகவும், ‘மணல் என்னை மூடிக்கிடக்கிறது, அகற்றினால் அரசு உனக்கு’ என்று தெய்வம் கனவில் சொன்னதாகவும் அதில் இருக்கிறது. ஏற்கெனவே உறுதியான வாரிசு என்றால் இப்படி ஒரு கனவைக் கல்லில் வெட்டி வைக்க என்ன அவசியம் என்று ஆய்வாளர்கள் பலர் சந்தேகப்படுகிறார்கள். எனக்கும் அந்தச் சந்தேகம் உண்டு. உங்கள் நாவலில் அரச வம்சத்துக்கு ஒரு மூலக்கனவு இருக்கட்டும். அதைப் பற்றி ‘அந்தப் பகலில் அவர் உண்மையிலேயே தூங்கினாரா?’ என்று கேட்பது தூக்குத்தண்டனைக்குரிய கேள்வியாக இருக்கட்டும்.

அடுத்தது, நீங்கள் முடிவு செய்யாமல் விட்டிருக்கும் ஒன்று. உங்கள் மக்கள் கும்பிடுவது கனவையா, கனவை அனுப்பும் தேவியையா? தேவி வந்துவிட்டாலே கனவு தபாலாகிவிடும், கும்பிடுவது தபால் போட்டவரை. பழைய உலகில் பெரும்பாலும் அப்படித்தான். கனவையே கும்பிடுவது என்றால் அது வேறு மனநிலை, எழுதுவதற்கும் சுவையானது. அதற்கு நம்மிடமே ஒரு வித்து இருக்கிறது. ‘காதலர் தூதொடு வந்த கனவினுக்கு யாதுசெய் வேன்கொல் விருந்து’ என்று குறள் கேட்கிறது. அவள் கனவை அனுப்பியவனுக்கு நன்றி சொல்லவில்லை. வந்த கனவுக்கே என்ன விருந்து வைப்பேன் என்று தவிக்கிறாள். இந்த ஒரு வரியிலிருந்து ஒரு சடங்கு முறையையே கட்டலாம். கனவு வீட்டுக்கு வந்த விருந்தாளி. வந்தவரை விடியலில் வழியனுப்ப வேண்டும். நல்லவர் கெட்டவர் என்று பார்த்து வாசலில் நிறுத்தக்கூடாது. கொடுங்கனவுக்கும் இலை போட வேண்டும். விருந்தாளி திரும்ப வராமல் போனால் வீட்டுக்கே அவமானம். தேவியை எடுத்துவிட்டு இதை வைத்துப் பாருங்கள், உங்கள் பாத்திரங்கள் காலையில் எழுந்ததும் என்ன செய்வார்கள் என்பது தானாகத் தெரிய ஆரம்பிக்கும்.

உறக்கத்தின் உடலியலையும் கொஞ்சம் தெரிந்துகொள்ளுங்கள், நாள்காட்டியும் வழிபாட்டு நேரமும் அங்கிருந்து இலவசமாகக் கிடைக்கும். 1953-இல் சிகாகோ பல்கலைக்கழகத்தில் அசெரின்ஸ்கியும் கிளைட்மனும் கண்மணிகள் வேகமாக அசையும் உறக்கக் கட்டத்தைப் பதிவு செய்தார்கள். அந்தக் கட்டத்தில் ஒருவரை எழுப்பினால் பெரும்பாலும் ஒரு கனவைச் சொல்வார். ஏறத்தாழ 90 நிமிடத்துக்கு ஒருமுறை அது வரும். முன்னிரவில் சில நிமிடங்களே நீடிக்கும், விடியலை நெருங்க நெருங்க நீண்டுகொண்டே போகும். அந்த நேரத்தில் உடம்பின் தசைகள் கிட்டத்தட்ட முழுக்கத் தளர்ந்து கிடக்கும். விடியற்காலைக் கனவு சீக்கிரம் பலிக்கும், முதல் யாமக் கனவு பலிக்க ஒரு வருடம் ஆகும் என்று பழைய இந்திய நூல்கள் அடுக்குவதற்குப் பின்னால் இந்த அனுபவம்தான் இருந்திருக்க வேண்டும். விடியலில் காண்பதுதான் நீளமானது, நினைவில் நிற்பதும் அதுவே. ஆகவே பௌர்ணமியை விட்டுவிடுங்கள், அது எல்லாக் கற்பனை மதங்களிலும் தேய்ந்துபோன நிலா. உங்கள் மதத்தின் புனித நேரம் கடைசி யாமம். அந்த நேரத்தில் ஒருவரைத் தட்டி எழுப்புவது பெரும் பாவம். அந்த நாட்டில் சேவல் வளர்க்கத் தடை இருக்கலாம். விடியலுக்கு முன் எழுந்தாக வேண்டிய மீனவரும் பால் கறப்பவரும் எப்போதும் தீட்டுப்பட்ட வகுப்பாகவே இருப்பார்கள். ஊருக்கே சோறு போடுகிறவர்கள் தெய்வத்துக்கு ஆகாதவர்கள் என்ற இந்த ஒரு அநீதி உங்கள் வெள்ளுடைப் பூசாரிகளை விட அதிகமாகக் கதையை நகர்த்தும்.

இன்னும் சில உடலியல் விஷயங்களை வேகமாகச் சொல்லிவிடுகிறேன். உறக்கம் கெட்டவர்களுக்கு அடுத்தடுத்த இரவுகளில் இந்தக் கனவுக் கட்டம் கூடுதலாக, தீவிரமாக வரும், எனவே விழாவுக்கு முன் கண்விழிப்பு நோன்பு வைக்கலாம். மது முன்னிரவுக் கனவுக் கட்டத்தைக் குறைக்கும், எனவே மதுவிலக்குக்கு நியாயமான காரணம் கிடைத்துவிட்டது. பிறந்த குழந்தையின் உறக்கத்தில் ஏறத்தாழ பாதி இந்தக் கட்டம்தான். பேசத் தெரியாத இந்தப் பெரும் கனவாளிகளை உங்கள் மதம் என்ன செய்யும்? பிறவியிலேயே பார்வையற்றவர்களின் கனவில் ஒலியும் தொடுதலும் மணமும் இருக்கும், காட்சி இருக்காது. மறைநூல் ‘கண்டேன்’ என்றே தொடங்கினால், அவர்கள் கனவு கனவுதானா என்று ஒரு மாநாடே கூட்டிச் சண்டை போடலாம்.

இனி கோயில். கனவுக்காகக் கோயிலில் போய்ப் படுக்கும் வழக்கத்துக்கு மிகத் தெளிவான சான்று கிரேக்கத்தின் எபிடாரஸ். மருத்துவக் கடவுள் அஸ்க்லேபியஸின் தலம். நோயாளி குளித்து, பலி கொடுத்து, அபாடன் என்ற மண்டபத்தில் படுப்பார். கடவுள் கனவில் வந்து குணப்படுத்துவார், அல்லது என்ன செய்ய வேண்டும் என்று சொல்வார். கி.மு. 4-ஆம் நூற்றாண்டில் அங்கே குணமானவர்களின் கதைகளைக் கற்பலகைகளில் வெட்டி நிறுத்தினார்கள். அதில் இரண்டு கதைகளை நான் மறப்பதே இல்லை. ஏதென்ஸிலிருந்து அம்ப்ரோசியா என்று ஒருத்தி வருகிறாள், ஒரு கண் பார்வை கிடையாது. பலகைகளைப் படித்துவிட்டு, நொண்டியும் குருடும் வெறும் கனவு கண்டு குணமாவார்களாமா என்று சிரிக்கிறாள். அன்றிரவு கனவில் கடவுள் வருகிறார். குணமாக்குகிறேன், ஆனால் கட்டணமாக உன் அறியாமையின் நினைவாகக் கோயிலுக்கு ஒரு வெள்ளிப் பன்றி செய்து வைக்க வேண்டும் என்கிறார். கண்ணைக் கீறி மருந்து ஊற்றுகிறார். விடிந்ததும் பார்வையோடு வெளியே போகிறாள். இன்னொன்று யூஃபனீஸ் என்ற சிறுவன், கல்லடைப்பு நோய். ‘உன்னைக் குணமாக்கினால் எனக்கு என்ன தருவாய்?’ என்று கடவுள் கேட்கிறார். ‘பத்துச் சொக்கட்டான் காய்’ என்கிறான் பையன். கடவுள் சிரித்துவிட்டு, சரி என்கிறார்.

இந்தப் பலகைகள் எங்கே நின்றன என்று யோசித்துப் பாருங்கள். படுக்கப் போகிறவர் முதலில் இவற்றைப் படிக்கிறார், அல்லது யாரோ படித்துச் சொல்லக் கேட்கிறார். அப்புறம்தான் தூங்கப் போகிறார். என்ன கனவு வர வேண்டும் என்பதைக் கோயில் முன்கூட்டியே அவர் தலையில் ஏற்றிவிடுகிறது. நம்பாதவளையும் கதையில் சேர்த்துக்கொண்டதில் இருக்கும் சாமர்த்தியத்தையும் கவனியுங்கள்: கேலி செய்பவருக்கு அங்கே ஏற்கெனவே ஓர் இடம் ஒதுக்கி, அதற்கு விலையும் குறித்தாகிவிட்டது. உங்கள் துயில்மண்டபத்தில் வெள்ளைத் திரைச்சீலைகளைப் பற்றி இரண்டு பக்கம் எழுதுவதற்குப் பதில் வாசலில் ஒரு வெள்ளிப் பன்றியை வையுங்கள். கடவுளிடம் பேரம் பேசும் ஒரு சிறுவனையும்தான். நகைச்சுவை இல்லாத மதத்தை வாசகர் நம்பமாட்டார்.

கனவுக்குப் பொருள் சொல்பவர்கள் அடுத்தது. இதில் இரண்டு பள்ளிகள் எப்போதும் மோதும், இரண்டையும் உங்கள் நாட்டில் வையுங்கள். ஒன்று, பட்டியல் பள்ளி. எகிப்தில் தெய்ர் எல் மதீனா என்ற தொழிலாளர் ஊரில் கிடைத்த ஒரு பாப்பிரஸ் சுருள், கி.மு. 13-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தது. ‘ஒருவன் கனவில் இதைக் கண்டால்’ என்று தொடங்கி வரிசையாக, நல்லது, கெட்டது என்று பிரித்துப் பலன் எழுதியிருக்கிறது. ‘கெட்டது’ என்ற சொல் சிவப்பு மையில். சன்னல் வழியே வெளியே பார்த்தால் நல்லது, அவன் கூக்குரல் கேட்கப்படும். கண்ணாடியில் தன் முகத்தைப் பார்த்தால் கெட்டது, இன்னொரு மனைவி வருவாள். இன்னொன்று, ஆளைப் பார்க்கும் பள்ளி. கி.பி. 2-ஆம் நூற்றாண்டில் அர்டெமிடோரஸ் என்பவர் கனவு விளக்கத்துக்கு ஐந்து பாகமாக ஒரு நூல் எழுதினார். கனவு கண்டவரின் தொழில், வயது, சொத்து, ஊர் வழக்கம் எல்லாம் தெரியாமல் பலன் சொல்லக்கூடாது, ஒரே கனவு ஏழைக்கு ஒன்றும் பணக்காரருக்கு வேறொன்றும் சொல்லும் என்பது அவர் கட்சி. பட்டியல் மலிவு, ஏழைகளுக்கு அதுதான் கிடைக்கும். ஆளைப் பார்த்துச் சொல்வது விலை கூடியது. இதில் பட்டியலை அரசாங்கம் எப்போதும் விரும்பும், அதைத் திருத்தி வெளியிட முடியும் என்பதால்.

ஆனால் மிகவும் ஆபத்தான கருத்தைப் பாபிலோனிய யூத மரபு சொல்லியிருக்கிறது. எல்லாக் கனவுகளும் வாயைப் பின்தொடர்கின்றன என்கிறது அவர்களின் மரபுத் தொகுப்பு நூலான தல்மூத். அதாவது சொல்லப்பட்ட பலன்தான் நடக்கும், சொல்லப்படாத கனவு படிக்கப்படாத கடிதம். எருசலேமில் 24 பலன் சொல்பவர்களிடம் ஒரே கனவைச் சொல்லி 24 வெவ்வேறு பலன் வாங்கி, அத்தனையும் நடந்தது என்று ஒரு ரப்பி, அதாவது யூத மத ஆசான், அதில் சொல்கிறார். அங்கேயே பார் ஹெத்யா என்ற ஒருவரின் கதையும் வருகிறது. அபாயே, ராவா என்ற இரண்டு அறிஞர்கள் ஒரே கனவோடு அவரிடம் போவார்கள். அபாயே காசு கொடுப்பார், ராவா கொடுக்கமாட்டார். ‘உன் மாடு உன் கண் முன்னே வெட்டப்படும்’ என்ற மறைவசனத்தைக் கனவில் கேட்டோம் என்றார்கள் ஒருமுறை. ராவாவுக்குப் பலன்: உன் வியாபாரம் நொடிக்கும், துக்கத்தில் சாப்பாடு இறங்காது. அபாயேவுக்கு: உன் வியாபாரம் செழிக்கும், சந்தோஷத்தில் சாப்பாடு இறங்காது. ராவாவுக்கு இப்படிச் சொல்லப்பட்டவை ஒவ்வொன்றாக நடக்கின்றன, மனைவியின் மரணம் உட்பட. பிறகொரு நாள் அந்த ஆளின் கையிலிருந்து விழுந்த புத்தகத்தில் ‘எல்லாக் கனவுகளும் வாயைப் பின்தொடர்கின்றன’ என்ற வரியைப் பார்த்து ராவா வெடிக்கிறார்.

இந்தக் கதையில் ஒரு மதத்தின் பொருளாதாரமும் குற்றவியலும் முழுசாக இருக்கின்றன. பலன் சொல்வது நடக்கப்போவதை அறிவிக்கும் வேலை என்றால், தவறாகச் சொன்னவர் மேல் கோபப்படலாம், அவ்வளவுதான். பலன் சொல்வதுதான் நடக்கவே வைக்கிறது என்றால், கெட்ட பலன் சொன்னவர் கொலைகாரர். உங்கள் நாட்டில் இதற்கு நீதிமன்றம் இருக்க வேண்டும். உரிமம் இல்லாமல் பலன் சொல்பவர்கள் இருப்பார்கள். கெட்ட கனவு கண்ட பெண், யாரும் வாய்திறந்து எதுவும் சொல்லிவிடக்கூடாதே என்று அதை வாழ்நாள் முழுக்க விழுங்கிக்கொண்டு நடப்பாள். அதே மரபு இதற்கு ஒரு மருந்தும் வைத்திருக்கிறது: கலங்கியவர் மூன்று பேரைக் கூட்டி ‘நல்ல கனவு கண்டேன்’ என்று சொல்வார், அவர்கள் ‘நல்லதுதான், நல்லதாகவே ஆகட்டும்’ என்பார்கள். கனவு என்னவென்று சொல்ல வேண்டியதே இல்லை. இவ்வளவு எளிமையான, இவ்வளவு அன்பான சடங்கை உங்கள் கதையில் ஏழைகள் வைத்துக்கொள்ளட்டும். தலைமைக் கோயில் அதைத் தடைசெய்யட்டும், வருமானம் போய்விடும் அல்லவா.

கண்டவரை நம்புவதா என்ற சிக்கலுக்குச் சில சமூகங்கள் தலைகீழாக ஒரு வழி கண்டுபிடித்தன. கண்டவர் சொல்லாமல் இருப்பார், மற்றவர்கள்தான் கண்டுபிடிக்க வேண்டும். விவிலியத்தின் தானியேல் நூலில் நெபுகாத்நேசர் மன்னன் தன் ஞானிகளிடம் கனவைச் சொல்ல மறுக்கிறான். நான் கண்டது என்ன என்பதையும் நீங்களே சொல்லுங்கள், அப்போதுதான் உங்கள் விளக்கத்தை நம்புவேன் என்கிறான். வட அமெரிக்காவின் இரோக்குவா மக்களின் நடுக்குளிர்கால விழாவில் கனவை விடுகதையாகப் போடுவார்கள், மற்றவர்கள் ஊகித்து விடை சொல்ல வேண்டும். ஊரே ஒருவரின் கனவைத் தேடி அலையும் அந்தக் காட்சி உங்கள் கூட்டுத் துயில் விழாவை விடப் பத்து மடங்கு உயிருள்ளது. ஊர் தூங்கிக்கொண்டிருந்தால் நாவலாசிரியருக்கு அங்கே என்ன வேலை?

கனவுக்குக் கீழ்ப்படிவது பற்றியும் சொல்ல வேண்டும். இந்த இடத்தில்தான் மதம் உடம்பில் படுகிறது. 17-ஆம் நூற்றாண்டில் கனடாவின் பெரிய ஏரிகள் பகுதியில் ஹூரோன் மக்களோடு வாழ்ந்த இயேசு சபைப் பாதிரியார்கள் ஆண்டுதோறும் அறிக்கை அனுப்பினார்கள். ஆன்மாவுக்கு நமக்கே தெரியாத ஆசைகள் உண்டு, கனவில்தான் அது பேசும், நிறைவேற்றாவிட்டால் கோபித்து உடம்பில் நோயாக இறங்கும் என்பது அந்த மக்களின் நம்பிக்கை என்று அவற்றில் எழுதியிருக்கிறார்கள். ஆகவே ஒருவர் கனவு கண்டால் அது ஊரின் கடமை. பொருள் கேட்டால் பொருள், விருந்து கேட்டால் விருந்து. எதிரிகளிடம் பிடிபட்டுச் சித்திரவதைப்படுவதாகக் கனவு கண்ட வீரன், தன்னைக் கட்டிப்போட்டு நெருப்பால் சுடும்படி தன் நண்பர்களிடமே சொன்ன செய்தியும் அந்தப் பதிவுகளில் உண்டு. கொஞ்சம் நடத்திக் காட்டிவிட்டால் முழுசாக நடக்காது என்பது கணக்கு.

இதே கணக்கை ஒரு கடல் தள்ளி, ஒன்றரை ஆயிரம் வருடம் முன்னால், ரோமானியப் பேரரசில் பார்க்கலாம். 2-ஆம் நூற்றாண்டுப் பேச்சாளர் ஏலியஸ் அரிஸ்டைடீஸ் வாழ்நாள் நோயாளி, அஸ்க்லேபியஸின் தீவிர பக்தர். கடுங்குளிரில் ஆற்றில் குளி என்று கனவு சொல்லும், குளிப்பார். வெறுங்காலில் ஓடு என்றால் ஓடுவார். ஒருமுறை கப்பல் கவிழ்வது உன் விதி என்று கனவு எச்சரித்தது. துறைமுகத்திலேயே ஒரு சிறு படகில் ஏறி, அதைக் கவிழ்க்கவைத்து, தூக்கிவிடப்பட்டுக் கரையேறினார், விதி தீர்ந்தது. உடம்பில் ஒரு பகுதியை வெட்டிக் கொடு என்று இன்னொரு கனவு. அது கடினம் என்று கடவுளே இரங்கி, விரலில் இருந்த மோதிரத்தைக் கொடுத்தால் போதும் என்றாராம். ஒன்றையொன்று அறியாத இரண்டு சமூகங்கள் ஒரே இடத்துக்கு வந்து சேர்கின்றன என்றால், கனவை நம்புகிற எவரும் இங்கே வந்துதான் ஆக வேண்டும் போலிருக்கிறது. பதிலி கொடுக்கும் சடங்குகளை உங்கள் மதத்தின் நடுவில் வையுங்கள். எது போதுமான பதிலி என்று முடிவு செய்பவர்தான் அங்கே உண்மையான அதிகாரி. பணக்காரனுக்கு மோதிரம், ஏழைக்கு விரல் என்று ஆனால், புரட்சிக்கு வேறு காரணம் தேட வேண்டாம்.

மறுப்பவரும் வேண்டும். சிலப்பதிகாரத்தில் கண்ணகி தான் கண்ட தீக்கனவைத் தோழி தேவந்தியிடம் சொல்கிறாள். கணவன் கைபிடித்து ஒரு பெரும் ஊருக்குப் போனோம், அங்கே ஊரார் எங்கள்மேல் பழி போட்டார்கள், அவனுக்குத் தீங்கு நேர்ந்தது என்று கேட்டு நான் அரசன் முன் வழக்குரைத்தேன், அரசனுக்கும் ஊருக்கும் கேடு வந்தது என்கிறாள். சோமகுண்டம் சூரியகுண்டம் துறைகளில் மூழ்கிக் காமவேள் கோட்டத்தில் தொழுதால் கணவரோடு இன்புறலாம் என்று தேவந்தி பரிகாரம் சொல்கிறாள். கண்ணகியின் பதில் இரண்டே சொல்: ‘பீடு அன்று’. அது எனக்குப் பெருமை ஆகாது. கனவை அவள் பொய் என்று சொல்லவில்லை, பரிகாரம் பலிக்காது என்றும் சொல்லவில்லை. எல்லாவற்றையும் நம்பிக்கொண்டே மறுக்கிறாள். ‘எல்லாம் மூடநம்பிக்கை’ என்று பேசும் நவீன மனிதர் ஒருவரைக் கலகக்காரராகக் கொண்டுவரும் ஆசை உங்களுக்கு வரும், தயவுசெய்து அடக்கிக்கொள்ளுங்கள். இப்படி ஒருத்தி போதும்.

அரசியலுக்கு ஒரே ஒரு ஆள் சொல்கிறேன். ரோமானிய வரலாற்றாசிரியர் அம்மியானஸ் மார்செலினஸ், 4-ஆம் நூற்றாண்டில் இரண்டாம் கான்ஸ்டான்டியஸ் ஆட்சியில் இருந்த மெர்க்கூரியஸ் என்ற உளவாளியைப் பற்றி எழுதுகிறார். விருந்துகளில் நுழைந்து, யாராவது நண்பரிடம் தன் கனவைச் சொன்னால் அதை விஷம் தடவிப் பேரரசரின் காதில் போடுவது இவர் தொழில். பட்டப்பெயர் ‘கனவுகளின் கோமான்’. அரியணை பற்றிக் கனவு கண்டால் ராஜதுரோகம். கடைசியில் ஆட்கள் தூங்கினோம் என்று ஒப்புக்கொள்ளவே பயந்தார்களாம். கனவே வராது என்று சொல்லப்பட்ட அட்லஸ் மலைப் பக்கம் பிறக்காமல் போனோமே என்று படித்தவர்கள் புலம்பினார்களாம். கனவுக்கு மதிப்பே இல்லாத நாட்டில் இப்படி ஓர் ஆளுக்கு வேலை கிடையாது. உங்கள் நாட்டில் அவருக்கு ஓர் அமைச்சகமே இருக்கும். கூடவே எழுத்தர்கள். மட்ரிட் நகரில் லுக்ரேசியா தே லெயோன் என்ற இளம்பெண்ணின் கனவுகளை 1587 முதல் மதகுருமார்கள் உட்கார்ந்து எழுதினார்கள், நானூறுக்கு மேல். ஸ்பெயினின் தோல்வியும் மன்னரின் குறைகளும் அவற்றில் வந்தன. 1590-இல் மதவிசாரணை மன்றம் அவளைப் பிடித்தது. அவள் சொன்னது எவ்வளவு, எழுதியவர்கள் சேர்த்தது எவ்வளவு என்ற கேள்வி இன்றும் தீரவில்லை. பேனா பிடித்தவருக்கும் கனவில் பங்கு உண்டு.

மதத்துரோகி யார் என்பதில் என் தேர்வு இது. கனவுக்குள்ளேயே ‘இது கனவு’ என்று அறிந்து அதைத் தன் விருப்பப்படி ஓட்டத் தெரிந்தவர். இது கற்பனை அல்ல. 1975-இல் இங்கிலாந்தில் கீத் ஹெர்ன், பிறகு அமெரிக்காவில் ஸ்டீஃபன் லபெர்ஜ், தூங்குபவர் முன்பே பேசிவைத்தபடி கண்ணை அசைத்துக் கனவுக்குள்ளிருந்து சைகை காட்ட முடியும் என்று ஆய்வகத்தில் காட்டினார்கள். திபெத்திய பௌத்தத்தில் இதுவே ஒரு முறையான யோகப் பயிற்சி. அங்கே அது ஞானத்துக்கு வழி. விருந்தாளி மதத்தில் அதுவே வந்தவரின் கழுத்தைப் பிடிப்பது. உங்கள் தலைமைக் கோயிலின் மூத்தவர் ஒருவருக்கு இந்தத் திறமை சிறுவயதிலிருந்தே இருக்கிறது, யாரிடமும் சொன்னதில்லை என்று வைத்துப் பாருங்கள்.

‘விழிப்பே மாயை’யைப் பற்றிச் சுருக்கமாக: வேண்டாம். அது கனமான தத்துவம், மாண்டூக்கிய உபநிடதத்தைச் சுற்றிய வேதாந்த மரபு அதை எவ்வளவோ நுணுக்கமாகப் பேசியாயிற்று. ஆனால் சாதாரண பக்தர் அதை வைத்துக்கொண்டு ஒரு நாள் காலையைக்கூட ஓட்ட முடியாது. மாடு கறக்க வேண்டும், கடன் அடைக்க வேண்டும். பிருகதாரண்யக உபநிடதம் கனவைப் பற்றிச் சொல்லும் ஒரு வரி உங்களுக்கு அதைவிட உதவும்: அங்கே தேர் இல்லை, குதிரை இல்லை, பாதை இல்லை, அவனே தேரையும் குதிரையையும் பாதையையும் படைத்துக்கொள்கிறான். விழிப்பு பொய் என்று சொல்லாமலே கனவு காண்பவரைப் படைப்பாளியாக்கும் வரி இது. மறைநூலுக்கு இந்தத் திசையில் யோசியுங்கள்.

கனவுகள் பலிக்க வேண்டுமா? பலிக்கட்டும், ஆனால் யாருக்கும் பயன்படாதபடி. இதற்கும் சிலம்பைத்தான் காட்டுவேன். கண்ணகி கனவு பலித்தது, காப்பாற்றவில்லை. பாண்டிமாதேவி வெண்குடையும் செங்கோலும் சாய்வதாகக் கண்டு அரசனிடம் ஓடிவந்து சொல்கிறாள், அதற்குள் வாயிலில் கண்ணகி நிற்கிறாள். உங்கள் நாவலில் எல்லாக் கனவும் பலித்தால் அது மதமாக இருக்காது, வானிலை அறிக்கையாகிவிடும். ஒன்றுமே பலிக்காவிட்டால் உங்கள் மக்கள் முட்டாள்களாகத் தெரிவார்கள், வாசகர் அவர்கள் தலைக்கு மேல் நின்று பார்ப்பார். ஒரே ஒரு கனவை உண்மையாக வையுங்கள். அதைக் காண்பவள் விடியலுக்கு முன் எழும் பால்காரி, கனவு காணவே உரிமை இல்லாதவள். அவள் வந்து சொல்வதை ஓர் எழுத்தர் பட்டியலில் இருக்கும் வாசகத்துக்கு ஏற்றபடி இரண்டு சொல் மாற்றிப் பதிகிறார், கெட்ட எண்ணம் எதுவும் இல்லாமல், படிவத்தில் அதற்குத்தான் இடம் இருந்தது என்பதால். முதல் அத்தியாயத்தை அந்த எழுத்தரின் மேசையில் தொடங்குங்கள்.